சம்பந்தியின் பையில் இருந்த தோட்டா

அமெரிக்காவில் தன்னோடு வேலை பார்க்கும் ஒருவரைக் கட்டிக்கொள்ளப் போவதாக என் அண்ணன் மகள் சொன்னபோது அண்ணன் இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. மாப்பிள்ளை வெள்ளைக்காரர் என்பதைக்கூட அவர் மெல்ல ஏற்றுக்கொண்டார். சம்பந்தி என்று வருகிற மனிதரோடு உட்கார்ந்து என்ன பேசுவது என்பதுதான் தீராத கவலையாக இருந்தது. அண்ணன் தென்னேரியில் விவசாயம் பார்க்கிறவர். ஏரித் தண்ணீர், உர விலை, வேர்க்கடலைக் கொல்லையைக் கிளறிப் போடும் காட்டுப்பன்றி, இவற்றைத் தாண்டி அவருக்குப் பேச்சு வராது.

"அவங்க அப்பாவும் பன்னி சுடுவார்ப்பா" என்று அவள் போனில் சொன்ன பிறகுதான் அண்ணன் முகம் தெளிந்தது. அண்ணனிடம் லைசென்ஸ் வாங்கிய ஒற்றைக்குழல் துப்பாக்கி ஒன்று உண்டு. பன்றி விரட்டுவதற்காக எங்கள் அப்பா காலத்தில் வாங்கியது. ஒவ்வொரு தேர்தலுக்கும் அதைப் பழைய வேட்டியில் சுற்றி எடுத்துப்போய் போலீஸ் ஸ்டேஷனில் ஒப்படைத்து ரசீது வாங்கி வருவார். தேர்தல் முடிந்ததும் போய் மீட்டு வருவார். ஊரில் துப்பாக்கிக்காரர் வீடு என்றால் என் பிறந்த வீடுதான்.

சம்பந்தி டெக்சாஸில் முப்பது வருடம் பள்ளிக்கூட பஸ் ஓட்டியவர். மனைவி இறந்து ஐந்து வருடமாகிறது. கல்யாணத்துக்கு வருவதற்கு இரண்டு மாதம் முன்பே அவர் என் அண்ணன் மகளிடம் ஒரு கேள்வி கேட்டிருக்கிறார். இடுப்பில் வைத்திருக்கும் கைத்துப்பாக்கியை உங்கள் ஊருக்கு எடுத்துவரலாமா என்று. அவர் ஊரில் கடைக்குப் போனாலும் சர்ச்சுக்குப் போனாலும் அது இடுப்பில் இருக்குமாம். இவள் சிரித்துவிட்டாள். அவர் சிரிக்கவில்லை. தூதரகத்துக்கே எழுதிக் கேட்டிருக்கிறார். சுற்றிப் பார்க்க வருகிறவர் முன்கூட்டியே அனுமதி வாங்காமல் துப்பாக்கியோ தோட்டாவோ கொண்டுவந்தால் குற்றம், பிடிபட்டால் ஜெயில் என்று பதில் வந்தது. அந்தத் தாளை அச்செடுத்து மடித்து பாஸ்போர்ட்டுக்குள் வைத்துக்கொண்டார். வீட்டில் இருந்த அத்தனை துப்பாக்கியையும் இரும்புப் பெட்டியில் போட்டுப் பூட்டிவிட்டுத்தான் விமானம் ஏறினார்.

கல்யாண மண்டபம் சின்ன காஞ்சிபுரத்தில். நான் வாழ்க்கைப்பட்ட வீடும் அங்கேதான். அண்ணன் வீடு உறவுக்காரர்களால் நிறைந்திருந்ததால் சம்பந்தியை எங்கள் மாடி அறையில் தங்க வைத்தோம். ஆறடிக்கு மேல் உயரம். வாசலில் நுழையும்போதெல்லாம் நிலைப்படியில் இடித்துக்கொண்டு, நிலைப்படியிடம் மன்னிப்புக் கேட்பார். நான் சோறு போட்டால் "போதும்மா" என்று சொல்ல ஒரே நாளில் கற்றுக்கொண்டார். ஆனால் போதும் என்று சொல்லிவிட்டு எல்லாவற்றையும் சாப்பிடுவார்.

தெருவில் நடக்கும்போது அவருடைய வலது கை அடிக்கடி இடுப்புக்குப் போய் வந்தது. இடுப்பு வலி என்று நினைத்த என் கணவர் தைலம் வாங்கிக் கொடுத்தார். அவரும் மறுக்காமல் இரண்டு நாள் தேய்த்துக்கொண்டார். அண்ணன் மகள் வந்து விசாரித்தபோதுதான் விஷயம் தெரிந்தது. கண்ணாடி போட்டுப் பழகியவர் அது இல்லாதபோதும் மூக்கைத் தொட்டுப் பார்ப்பதில்லையா, அப்படித்தானாம்.

நான் தையல்காரி. பிளவுஸ் தைப்பது, புடவைக்கு ஃபால்ஸ் அடிப்பது, கூடவே பை, குடை எது கிழிந்து வந்தாலும் தைத்துக் கொடுப்பது என் வேலை. கல்யாணத்துக்கு மூன்று நாள் இருக்கும்போது, மத்தியானம் கல்யாணப் பெண்ணின் பிளவுஸுக்குக் கொக்கி வைத்துக்கொண்டிருந்தேன். சம்பந்தி சாப்பிட்டுவிட்டு மாடியில் படுத்திருந்தார். அவருடைய பச்சை நிறத் துணிப்பை நாற்காலியில் கிடந்தது. ஊரிலிருந்து பெரிய பெட்டிக்குள் மடித்துவைத்துக் கொண்டுவந்த பை. இங்கே வந்ததும் வெளியே போக எடுத்துக்கொண்டிருந்தார். ஜிப் விட்டுப்போயிருப்பதை இரண்டு நாளாகப் பார்த்துக்கொண்டிருந்தேன். கேட்டால் வேண்டாம் என்பார். அதனால் கேட்காமலே எடுத்து மெஷினில் வைத்தேன்.

உள்துணியைத் திருப்பும்போது அடியோரத்தில் விரல் நீளத்துக்கு ஏதோ தட்டுப்பட்டது. பேனா மூடி என்று நினைத்து, கிழிசல் வழியே விரலை விட்டு இழுத்தேன். பித்தளை நிறத்தில் வந்தது. அண்ணன் வீட்டில் நான் பார்த்த தோட்டாக்கள் தடிமனாக, மொட்டையாக இருக்கும். இது ஒல்லியாக, முனை கூராக இருந்தது. ஆனாலும் என்னவென்று தெரிந்துவிட்டது. மெஷின்மேல் வைத்துவிட்டுக் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டேன்.

முதலில் கணவரைக் கூப்பிட்டேன். பிறகு அண்ணனுக்குப் போன் போட்டேன். எதையும் தொடாதே என்று சொல்லிவிட்டு, மகளை பைக்கில் உட்காரவைத்துக்கொண்டு முக்கால் மணி நேரத்தில் வந்துவிட்டார்.

என் கணவர் பயந்த மனிதர். கெட்டவர் இல்லை. "வேகவதி ஆத்துல போட்டுட்டு வந்துடறேன். யாருக்குத் தெரியப்போவுது?" என்றார்.

அண்ணன் தலையை ஆட்டினார். "ஒத்த தோட்டான்னாலும் கணக்கு துப்பாக்கி கணக்குதான்பா. லைசென்ஸ் இல்லாத ஊட்ல இருந்திச்சின்னா, ஊட்டுக்காரங்களும் பதில் சொல்லணும்."

அதைக் கேட்ட பிறகுதான் நான் போய் வாசல் கதவைச் சாத்திவிட்டு வந்தேன்.

சம்பந்தியை எழுப்பினோம். இறங்கி வந்தவர் மெஷின்மேல் இருந்ததைப் பார்த்தார். காது இரண்டும் சிவந்துவிட்டது. அப்படியே உட்கார்ந்துவிட்டார். மான் வேட்டைக்குப் போகும்போது கொண்டுபோகும் பை அது, எந்த வருடம் எப்போது நழுவி உள்ளே போனதோ தெரியவில்லை என்று அண்ணன் மகளிடம் சொன்னார். யார் கண்டெடுத்தது என்று கேட்டார். நான் என்று தெரிந்ததும், இதனால் இந்தம்மாவுக்கு ஏதாவது தொந்தரவு வருமா என்றுதான் அடுத்துக் கேட்டார். தன்னைப் பற்றிக் கேட்கவே இல்லை.

ஆற்றில் போட்டுவிடும் யோசனையை அண்ணன் மகளே பயத்தில் மறுபடியும் சொன்னாள். அவர் ஒப்பவில்லை. தண்ணீர் வற்றும், பிள்ளைகள் கையில் கிடைக்கும் என்றார். பிறகு பாஸ்போர்ட்டுக்குள் இருந்த அந்தத் தாளை எடுத்துவந்து எங்கள் முன் விரித்து வைத்தார். இதைப் படித்துவிட்டு வந்தவன் நான் என்றார். இதுவரை தெரியாது என்று சொன்னால் அது உண்மை. இனி ஒளித்துவைத்தால் அது பொய்யாகிவிடும். இதைத்தான் அவர் சொன்னார். அவள் தமிழில் சொன்னபோது அண்ணன் தன் நாற்காலியை அவர் பக்கத்தில் இழுத்துப் போட்டுக்கொண்டார்.

இரண்டு தெரு தள்ளி ஒரு வக்கீல் அம்மா இருக்கிறார். அவருக்குப் பல வருடமாக நான்தான் பிளவுஸ் தைக்கிறேன். ஓடிப்போய்ச் சொன்னேன். அவர் நிதானமாகக் கேட்டார்.

"தெரியாம பையில இருந்தா குத்தமில்லனு கோர்ட்டே சொல்லியிருக்குதும்மா. ஆனா ஏர்போர்ட்ல ஸ்கேன்ல மாட்டிக்கினு அப்புறம் தெரியாதுன்னா, அத நிரூபிக்க மாசக்கணக்கா அலையணும். இப்பவே போலாம். நானும் வர்றேன்."

நான்கு மணிக்கெல்லாம் ஸ்டேஷனில் இருந்தோம். சம்பந்தி தன் கையெழுத்தில் ஒரு கடிதம் எழுதிக் கொண்டுவந்திருந்தார். மேசைக்குப் பின்னால் இருந்தது முப்பது வயது மதிக்கத்தக்க பெண் எஸ்.ஐ. அவ்வளவு உயரமான மனிதர் அந்தப் பெண் முன்னால் கையைக் கட்டிக்கொண்டு நின்றதைப் பார்க்க எனக்குப் பொறுக்கவில்லை. உட்காரச் சொல்லியும் அவர் உட்காரவில்லை.

எஸ்.ஐ. கடிதத்தைப் படித்தார். தோட்டாவைத் தொடாமல் குனிந்து பார்த்தார். வெளிநாட்டிலிருந்து இவ்வளவு தூரம் எப்படி ஸ்கேனில் தப்பி வந்தது, வேறு எங்கேயாவது வாங்கியதா என்று கேட்டார். பெரிய பெட்டிக்குள் மடித்திருந்த பை, ஸ்கேனில் கவனிக்காமல் விட்டிருப்பார்கள் என்று வக்கீல் அம்மா பதில் சொன்னார். எஸ்.ஐ.க்குத் திருப்தியில்லை. "அவருக்குத் தெரியாதுன்றதுக்கு என்ன சாட்சி?" என்றார்.

நான் பையை எடுத்து மேசைமேல் வைத்து உள்துணியை வெளியே திருப்பினேன்.

"நான் தைக்கிறவம்மா. இந்தக் கிழிசல் இன்னிக்கு நேத்து உழுந்தது இல்ல. ஓரம் நைஞ்சு, நூலெல்லாம் உருண்டு பஞ்சாயிருக்குது பாருங்க. அந்தப் பஞ்சு தோட்டாமேலயும் சுத்தியிருக்குது. நேத்து போட்டிருந்தா இப்டி சுத்தாது."

அவர் பேனா முனையால் தோட்டாவை உருட்டிப் பார்த்தார். அடிப்பக்கத்தில் சாம்பல் நிறத்தில் பஞ்சு ஒட்டியிருந்தது. பிறகு உள்துணியைத் தானே விரலால் தடவிப் பார்த்தார். எழுதிக்கொண்டிருந்த ஏட்டிடம், அந்தம்மா சொன்னதை அப்படியே எழுதுங்கள் என்றார். எத்தனையோ பேருடைய கிழிசலைப் பார்த்திருக்கிறேன். என் வார்த்தையை ஒருவர் எழுதிக்கொண்டது அன்றைக்குத்தான்.

தோட்டாவையும் பையையும் எடுத்துக்கொண்டார்கள். பாஸ்போர்ட் நகலை வாங்கிக்கொண்டார்கள். விசாரணை முடியும் வரை ஊரைவிட்டுப் போகக்கூடாது, முடிவு செய்வது மேலதிகாரி, கல்யாணத்துக்குத் தடையில்லை என்றார் எஸ்.ஐ. அண்ணன் அவருக்கு அங்கேயே பத்திரிகை வைத்தார். அவர் வாங்கிக்கொண்டார். கல்யாணத்துக்கு வரவில்லை. வரமுடியாது என்று எங்களுக்கும் தெரியும்.

கல்யாணம் நன்றாக நடந்தது. தாரை வார்க்கும்போது அண்ணன் அழுதார், சம்பந்தி அவர் தோளைப் பிடித்துக்கொண்டார். லீவு முடிந்து மகளும் மாப்பிள்ளையும் கிளம்பினார்கள். சம்பந்தியின் டிக்கெட்டும் அதே நாளில்தான். விசாரணை முடியாததால் அவர் மட்டும் தங்கிவிட்டார். விட்டுவிட்டுப் போக மாப்பிள்ளைக்கு மனமே இல்லை. போய் வா, எனக்கு இங்கே வீடு இருக்கிறது என்று அவர்தான் மகனைக் கையசைத்து அனுப்பினார்.

அதற்குப் பிறகு எங்களிடையே மொழிபெயர்க்க ஆளில்லை. பதினோரு நாள், போனில் பேசினால் மொழி மாற்றித் தரும் செயலியை வைத்துக்கொண்டு சமாளித்தோம். நான் ரசம் வேண்டுமா என்று கேட்டதை அது என்னவாக மாற்றியதோ, அவர் எழுந்துபோய்க் குளித்துவிட்டு வந்தார். வக்கீல் அம்மா மூலம் ஸ்டேஷனில் சொல்லிவிட்டு, அண்ணன் அவரை இரண்டு முறை தென்னேரிக்கு அழைத்துப்போய் வந்தார். காலையில் போய் மாலையில் திரும்பிவிடவேண்டும் என்று உத்தரவு.

முதல் முறை நானும் போயிருந்தேன். கொல்லையைச் சுற்றிப் பார்த்துவிட்டு வந்ததும், அண்ணன் பீரோவைத் திறந்து துப்பாக்கியை எடுத்துக் கயிற்றுக்கட்டிலில் துணி விரித்து வைத்தார். சம்பந்தியின் முகம் மலர்ந்ததைப் பார்த்தேன். இரண்டடி முன்னால் வந்தவர் நின்றுவிட்டார்.

அண்ணனுக்குச் சங்கடம். "லைசென்ஸ்ல என் பேருதான் சம்மந்தி இருக்குது. உங்க கையில குடுக்கக்கூடாது. தப்பா எடுத்துக்காதீங்க" என்று தமிழிலேயே சொன்னார். போனை எடுக்கக்கூட இல்லை.

சம்பந்திக்கு எப்படியோ புரிந்தது. இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கோத்துக்கொண்டார். அப்படியே குனிந்து, குழலின் வாயிலிருந்து கட்டை வரை மெல்லப் பார்த்துக்கொண்டே போனார். கட்டையில் எங்கள் அப்பா ஒருமுறை ஒட்டுப்போட்டு ஆணி அடித்த இடம் வந்ததும் நின்று, மோவாயால் அதைக் காட்டினார். "எங்கப்பா" என்றார் அண்ணன். அவர் தலையசைத்தார். சைகையில் கேட்டதற்கெல்லாம் அண்ணன் தானே எடுத்து, மடக்கி, திருப்பிக் காட்டினார். இவர் கை கடைசி வரை முதுகைவிட்டு வரவில்லை. வாழ்நாள் எல்லாம் துப்பாக்கியோடு இருந்த மனிதர், தொடாமல் அரைமணி நேரம் பார்த்தார். நான் மோர் கொண்டுவந்து நீட்டியபோதுதான் கையைப் பிரித்தார்.

பன்னிரண்டாம் நாள் ஸ்டேஷனிலிருந்து அழைப்பு வந்தது. தெரியாமல் வந்தது, தானாகவே ஒப்படைத்தார், மேல் நடவடிக்கை இல்லை என்று மேலதிகாரி எழுதிவிட்டார். எஸ்.ஐ. அதற்கான தாளில் முத்திரை வைத்துக் கொடுத்தார். பையையும் திருப்பிக் கொடுத்தார். தோட்டாவைக் கொடுக்கவில்லை. யாரும் கேட்கவுமில்லை. சம்பந்தி அவருக்கு வணக்கம் சொன்னார். எஸ்.ஐ. முதல் முறையாகச் சிரித்து, நல்லபடியாகப் போய் வாருங்கள் என்று ஆங்கிலத்தில் சொன்னார்.

வீட்டுக்கு வந்ததும் அந்தப் பையை முழுக்கப் பிரித்துப் புது உள்துணி வைத்துத் தைத்துக் கொடுத்தேன். பட்டுப் பிளவுஸுக்கு வைக்கும் நல்ல லைனிங் துணி. விமான நிலையத்துக்கு அண்ணனும் என் கணவரும் கூடப் போனார்கள். பெட்டி ஸ்கேனைத் தாண்டி, அவர் உள்ளே போய் உட்கார்ந்து போனில் தகவல் சொல்லும் வரை இருவரும் வெளியே ஒரு தூண் பக்கத்தில் நின்றபடியே இருந்தார்களாம்.

ஊர் போய்ச் சேர்ந்த மறுவாரம் வீடியோவில் கூப்பிட்டார். அண்ணன் மகளும் அவர் பக்கத்தில் இருந்தாள்; இந்தப் பக்கம் அண்ணனும் எங்கள் வீட்டுக்கு வந்திருந்தார். தரையெல்லாம் பைகளாகக் கிடந்தன. வீட்டில் இருந்த பை, பெட்டி, மழைக்கோட்டு எல்லாவற்றையும் ஒவ்வொன்றாகக் கவிழ்த்து உதறியிருக்கிறார். மேசைமேல் வரிசையாக வைத்திருந்ததைக் காட்டினார். இன்னும் மூன்று தோட்டாக்கள்.

"மழக்கோட்டுல ரெண்டு இருந்திச்சாம் அத்தை" என்றாள் அவள்.

என் கணவர் நாற்காலியைத் தள்ளிவிட்டு எழுந்துவிட்டார். அண்ணன் மட்டும் போனைத் தன் பக்கம் திருப்பி, "அடுத்த தடவ வர்றப்போ ஒரு கைப்பை மட்டும் போதும்னு சொல்லுமா. மத்த துணியெல்லாம் இங்கியே வாங்கிக்கலாம்" என்றார். அவள் சொன்னதும் அந்தப் பக்கத்தில் அந்தப் பெரிய மனிதர், முகத்தைக் கையால் மூடிக்கொண்டு தோள் குலுங்கச் சிரித்தார்.