நான் காட்டிய கல்லறை

போரைப் பற்றி எனக்கு எல்லாம் தெரியும் என்று முப்பத்திரண்டு வயது வரை நம்பிக்கொண்டிருந்தேன். நேரில் நான் பார்த்த சண்டை என்று சொன்னால், புனேயை ஒட்டிய நிக்டியில் எங்கள் குடியிருப்புக்குத் தண்ணீர் லாரி வரும்போது நடப்பது ஒன்றுதான். ஆனால் கோயம்புத்தூரில் கல்லூரி நாட்களில் பழைய புத்தகக் கடைகளில் பொறுக்கிய போர்ப் புத்தகங்கள் ஒரு டிரங்குப் பெட்டி நிறைய இருந்தன. புனேவில் வேலை கிடைத்தபோது என்னோடு அந்தப் பெட்டியும் ரயிலேறியது. கல்யாணமாகி வந்த புதிதில் மனைவி அதைத் திறந்து பார்த்தாள். "இதுல சமையல் புஸ்தகம் ஒண்ணும் இல்லீங்களா?" என்று கேட்டுவிட்டு மூடி, அதன்மேல் இட்லிப் பாத்திரத்தை வைத்தாள்.

தொண்ணூறுகளின் கடைசியில் ஒரு நாள் அலுவலகப் பலகையில் தட்டச்சு செய்த சிறு அறிவிப்பு ஒன்றைப் பார்த்தேன். ஓய்வுபெற்ற ராணுவ கர்னல் ஒருவர் ஞாயிற்றுக்கிழமைகளில் ஏழு பேரை மட்டும் வேனில் ஏற்றிக்கொண்டு போய், புனேவில் போர் சம்பந்தப்பட்ட இடங்களைக் காட்டுகிறார். இரண்டு பெயர் கொடுத்துவிட்டு வீட்டுக்கு வந்து சொன்னேன்.

"ஞாயித்துக்கிழமை சமாதியப் பாக்கவா போகோணும்?" என்றாள் மனைவி.

"வரலாறு" என்றேன்.

அந்த வரலாற்றுக்காக நான் செய்த ஏற்பாடுகளை நினைத்தால் இப்போதும் காது சூடாகிறது. தாடைக்குக் கீழே கயிறு கட்டும் காக்கித் தொப்பி ஒன்று வாங்கினேன். அலுவலக நண்பரிடம் தொலைநோக்கி இரவல் வாங்கிக் கழுத்தில் மாட்டிக்கொண்டேன். கர்னலிடம் கேட்பதற்காகப் பதினோரு கேள்விகளை நோட்டில் எழுதிக்கொண்டேன். பதிலும் எனக்குத் தெரிந்த கேள்விகள்தான். காலை ஆறு மணிக்குச் சமைக்க முடியாது என்று மனைவி முந்தின நாள் இரானி பேக்கரியில் வாங்கிய பன்களில் சட்னி தடவிப் பொட்டலம் கட்டிக்கொண்டாள்.

வேனில் வங்கியில் வேலை பார்த்து ஓய்வுபெற்ற ஒரு மராட்டியத் தம்பதி, இரண்டு கல்லூரி மாணவிகள், நாங்கள் இருவர். ஏழாவது ஆள் இங்கிலாந்திலிருந்து வந்திருந்த மூதாட்டி. எழுபத்தைந்து வயதுக்குக் குறையாது. மடியில் ஒரு பூங்கொத்து வைத்திருந்தார். என் மனைவியின் பக்கத்து இருக்கை அவருக்கு. நான் அவர்களுக்குப் பின்னால்.

முதலில் பர்வதிக் குன்று. படியேறி முடித்ததும் கர்னல், கட்கியில் ஆங்கிலேயர்களோடு நடந்த சண்டையை மராட்டிய ஆட்சியாளரான பேஷ்வா இங்கிருந்துதான் பார்த்துக்கொண்டிருந்தார் என்று சொன்னார். உடனே தொலைநோக்கியைக் கண்ணில் வைத்துக்கொண்டு, "குதிரைப்படை அந்த மேட்டிலிருந்து இறங்கியிருக்க வேண்டும், இல்லையா?" என்று எல்லோருக்கும் கேட்கும்படி கையை நீட்டினேன்.

கர்னல் என் தோளைப் பிடித்து மெதுவாக மறுபக்கம் திருப்பினார். "நீங்கள் காட்டுவது காத்ரஜ். தெற்கு. சண்டை வடக்கே நடந்தது."

மாணவிகள் இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். பதினோரு கேள்விகளில் ஒன்பதை அங்கேயே கைவிட்டேன்.

அதோடு வாயை மூடியிருக்கலாம். இறங்கி வேனில் ஏறியதும் அந்த மூதாட்டி என் மனைவியிடம், "என் தம்பி கட்கியில்தான் இருக்கிறான். போர்க் கல்லறையில். இப்போதுதான் முதல் முறை வருகிறேன்" என்றார். அவர் சொல்லி முடிப்பதற்குள் நான் முன்னால் குனிந்துவிட்டேன். இரண்டாம் உலகப் போர், பர்மா போர்முனை, மழைக்காலம், மலைப்பாதைகள், கோவேறு கழுதைகள் சுமந்த பீரங்கிகள் என்று கட்கி வரும்வரை விடவில்லை. மனைவி இரண்டு தடவை திரும்பிப் பார்த்தாள். தாகமாக இருக்கிறதா என்று கேட்கிறாளாக்கும் என்று நினைத்துத் தலையை ஆட்டினேன்.

மூதாட்டி பொறுமையாகக் கேட்டுக்கொண்டிருந்தார். கடைசியில், "உங்கள் தம்பி எந்தப் போர்முனையில் இறந்தார்?" என்று கேட்டேன்.

"இங்கே ராணுவ ஆஸ்பத்திரியில். மஞ்சள் காமாலை" என்றார். "அவன் ரொட்டி சுடும் பிரிவில் இருந்தான். இருபது வயது."

கோவேறு கழுதைகளையெல்லாம் எங்கே ஓட்டிக்கொண்டு போவது என்று எனக்குத் தெரியவில்லை. ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

கட்கியில் சண்டை நடந்த இடம் என்று கர்னல் காட்டிய இடத்தில் ஒரு சாலையும் மதில்சுவரும்தான் இருந்தன. அங்கே அதிகம் நிற்கவில்லை. கல்லறைத் தோட்டத்துக்குள் போனதும் எல்லோருக்கும் பேச்சு தானாகக் குறைந்தது. வெட்டிச் சீராக்கிய புல், வரிசை வரிசையாக ஒரே அளவில் கற்கள். ஒவ்வொன்றிலும் பெயர், படைப்பிரிவு, வயது. கர்னல் மற்றவர்களைக் கூட்டிக்கொண்டு நடுவிலிருந்த நினைவுத் தூண் பக்கம் போனார். மூதாட்டியிடம், "ஐந்து நிமிடம் பொறுங்கள், நானே வந்து தேடித் தருகிறேன்" என்று சொல்லிவிட்டுத்தான் போனார்.

அந்த ஐந்து நிமிடம் என்னால் பொறுக்க முடியவில்லை. வேனில் நடந்ததைச் சரிக்கட்ட வேண்டும் என்று இருந்தது. மூதாட்டி கையில் மடித்த காகிதம் ஒன்று வைத்திருந்தார். அவருடைய அம்மா பல வருடங்களுக்கு முன் எழுதிவைத்ததாம். தம்பியின் பெயர், பகுதி எண், வரிசை எழுத்து, கல்லின் எண்.

"கொடுங்கள். எண்களோடு புழங்குவதுதான் என் தொழில்" என்று வாங்கிக்கொண்டேன்.

முதல் பகுதி, சி வரிசை, ஒன்பதாவது கல். விறுவிறுவென்று நடந்து போய்க் கையைக் காட்டினேன். அவர் படிக்கும் கண்ணாடியை வேனிலிருந்த பையில் விட்டுவிட்டு வந்திருந்தார். கல்லைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். நான் தலையசைத்தேன். அவர் மெல்ல மண்டியிட்டு, பூங்கொத்தை வைத்து, கல்லின்மேல் உள்ளங்கையைப் பதித்துக்கொண்டு ஏதோ பேச ஆரம்பித்தார். குரல் உடைந்தது.

அப்போதுதான் நான் கல்லைப் படித்தேன். அவர் தம்பியின் பெயருக்கும் அந்தப் பெயருக்கும் முதல் எழுத்து மட்டும்தான் ஒன்று. லாரி ஓட்டுநர் என்று போட்டிருந்தது.

சொல்லியிருக்க வேண்டும். என் புத்தி என்னென்ன வழியிலெல்லாம் ஓடியது என்றால், கல்லில் பொறித்தவர்கள் பிழை செய்திருக்கலாம் என்று நினைத்தேன். இவருக்கே தம்பியின் பெயர் மறந்திருக்குமோ என்றுகூட ஒரு விநாடி நினைத்தேன். பிறகு, அழுதாகிவிட்டது, பூவும் வைத்தாகிவிட்டது, இப்போது போய்ச் சொன்னால் அவருக்குத்தான் வேதனை என்று ஒரு முடிவுக்கு வந்தேன். அவர்மேல் எனக்கு அவ்வளவு கருணை.

மனைவி பக்கத்தில் வந்து நின்றாள். "ஏனுங்க, இதுல முப்பத்தஞ்சு வயசுன்னு போட்டிருக்குது."

"சும்மா இரு."

"அவங்க தம்பிக்கு இருவதுன்னாங்களே. பேரும் வேற."

"தெரியும். பேசாம இரு. அவங்க நிம்மதியா இருக்காங்க."

"ஆரோட சமாதியோ இது. நிம்மதியாமா" என்றாள்.

இரண்டு வரிசை தள்ளிப் புல்லுக்குத் தண்ணீர் விட்டுக்கொண்டிருந்த தோட்டக்காரர் குழாயைக் கீழே போட்டுவிட்டு வந்தார். ஐம்பது வயது இருக்கும். "தமிழா நீங்க? நாங்களும் தமிழ்தான் சாப். எங்க தாத்தாவே வேலூர்லேந்து இங்க வந்துட்டாரு, ஃபேக்டரி வேலைக்கு. இன்னா ஆச்சு?"

மனைவி என் கையிலிருந்த காகிதத்தை எடுத்து அவரிடம் நீட்டினாள். அவர் ஒரு தடவைதான் பார்த்தார்.

"அரே, இது ஒண்ணு இல்ல சாப், ஏழு. பழைய காலத்து ஆளுங்க ஏழு இப்டிதான் போடுவாங்க. அது அந்தக் கோடில கீது. ஏழாவது பிளாட்."

"அவங்ககிட்ட எப்படிச் சொல்றது" என்று முணுமுணுத்தேன்.

மனைவிக்கு அப்போது ஆங்கிலம் தட்டுத் தடுமாறித்தான் வரும். நான் வார்த்தைகளைத் தேடிக்கொண்டிருந்தபோது அவள் போய் அந்த அம்மாளின் பக்கத்தில் உட்கார்ந்தாள். தோளைத் தொட்டாள். "மேடம், ராங். திஸ் நாட் பிரதர். மை ஹஸ்பண்ட் மிஸ்டேக். சாரி" என்றாள். எனக்கு வராத நான்கு வாக்கியங்கள்.

மூதாட்டி கல்லிலிருந்து கையை எடுத்தார். "அப்படியானால் இது யார்?" என்று என்னைக் கேட்டார். படித்துச் சொன்னேன். லாரி ஓட்டுநர். முப்பத்தைந்து வயது.

அவருடைய தோள்கள் குலுங்கின. மறுபடி அழுகிறார் என்று நினைத்துத் தொப்பியைக் கழற்றினேன். சிரித்துக்கொண்டிருந்தார். "'சின்ன வயதில் நீ திருடித் தின்ற ஜாமுக்கு அடி வாங்கியது நான்தான்' என்று இவரிடம் சொல்லிவிட்டேன்" என்றார். "என் தம்பி இதைக் கேட்டிருந்தால் ஒரு வருடம் சொல்லிச் சொல்லிச் சிரித்திருப்பான்."

பூங்கொத்தை எடுத்துத் தரக் குனிந்தேன். "வேண்டாம். கொடுத்ததைத் திரும்ப வாங்கக் கூடாது" என்று தடுத்துவிட்டார்.

தோட்டக்காரர் முன்னால் நடந்தார். ஏழாம் பகுதி மறுகோடியில் இருந்தது. இந்தத் தடவை பெயரை நான் எழுத்தெழுத்தாகப் படித்தேன். இரண்டு தடவை படித்தேன். மனைவியும் ஒரு தடவை சரிபார்த்தாள். மூதாட்டி உட்கார்ந்து கல்லைத் துடைத்தார். அழவில்லை. அழுகையெல்லாம் அங்கே அந்த ஓட்டுநரிடம் தீர்ந்துபோயிருந்தது.

கையில் ஒன்றும் இல்லாமல் வந்துவிட்டோமே என்று அவர் சுற்றிலும் பார்த்தார். தோட்டத்துப் பூவைப் பறிக்கலாமா என்று தோட்டக்காரரைக் கேட்டேன். "அது மட்டும் கூடாது சாப். ரூல்." மனைவியின் தலையில் மல்லிகை இருந்தது. சூடிய பூவை எப்படி வைப்பது என்று அவள் தயங்கினாள். பிறகு பையைத் திறந்து, சட்னி தடவாத பன் ஒன்று மிச்சம் இருந்ததை எடுத்து அவரிடம் கொடுத்தாள்.

மூதாட்டி அதை அமுக்கிப் பார்த்தார், முகர்ந்து பார்த்தார். "மாவு இன்னும் கொஞ்சம் புளித்திருக்க வேண்டும் என்பான்" என்று சொல்லிக் கல்லின் அடியில் வைத்தார்.

"காக்கா தூக்கினு போய்டும்மா" என்றார் தோட்டக்காரர். நான் அதை மொழிபெயர்த்தேன். போகட்டும் என்றார்.

கர்னல் எங்களைத் தேடிக்கொண்டு வந்தபோது எல்லாம் முடிந்திருந்தது. "கண்டுபிடித்துவிட்டீர்களா? நல்லது" என்று என் முதுகில் தட்டினார். மூதாட்டி என்னைக் காட்டிக்கொடுக்கவில்லை. திரும்பும் வழியில் அவரும் என் மனைவியும் ஏதோ பேசிக்கொண்டே வந்தார்கள். எந்த மொழியில் என்று இன்றுவரை எனக்குப் புரியவில்லை. நான் கடைசி இருக்கையில் தொலைநோக்கியை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

திங்கட்கிழமை அலுவலகத்தில் பர்வதியைப் பற்றியும் பேஷ்வாவைப் பற்றியும் அரை மணி நேரம் பேசினேன். கல்லறைத் தோட்டம் நன்றாகப் பராமரிக்கப்படுகிறது என்று மட்டும் சொன்னேன். ஆனால் எங்கள் குடியிருப்பில் அதற்குள் எல்லோருக்கும் கதை தெரிந்திருந்தது. தண்ணீர் லாரி வந்த அன்று மாடி வீட்டுக்காரர், "உங்க வாளி எதுன்னு பேர் பாத்து எடுங்க" என்றார்.

டிசம்பரில் இங்கிலாந்திலிருந்து ஒரு வாழ்த்து அட்டை வந்தது. மனைவி பெயருக்கு வந்திருந்தது. உள்ளே, 'உங்கள் கணவருக்கும் என் அன்பு' என்று ஒரு வரி. அடுத்த வருடங்களிலும் வந்தது. மனைவி அகராதியை வைத்துக்கொண்டு ஒவ்வொன்றுக்கும் அவளே பதில் எழுதினாள். உதவட்டுமா என்று கேட்டால் வேண்டாம் என்பாள். இரண்டாயிரம் பிறந்து சில வருடங்களில் எனக்கு ஹிஞ்சேவாடியில் வேலை மாறி, நாங்களும் வீடு மாறினோம். புது முகவரியை அவள் எழுதிப் போட்டாள். அந்த வருடம் அட்டை வரவில்லை. மறு வருடமும் வரவில்லை. வழியில் தவறியிருக்கும் என்றேன் நான். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் மனைவி சீக்கிரமே குளித்துவிட்டு, சட்னி தடவாத பன் ஒன்றைப் பையில் போட்டுக்கொண்டு, "கட்கி வரைக்கும் போயிட்டு வந்தரலாமுங்களா?" என்று கேட்டாள். நான் வண்டிச் சாவியை எடுத்துக்கொண்டேன்.