காவிரிப் பாலத்தில் ஒரு டெரோசார் இறக்கை

அந்த இறக்கையைச் செஞ்சது நான். அதுவே என் மகளைப் பாலத்துலேருந்து தூக்கிட்டுப் போகப் பாத்துச்சு. அது எவ்வளவு பெருசுன்னு முதல்ல சொல்லிடறேன், இல்லன்னா இவன் நல்லா கதை விடறான்னு நினைப்பீங்க.

அரியமங்கலத்துல எனக்கு ஒரு வெல்டிங் பட்டறை. கோபம் மூக்கு மேல இருக்கற ஆளு நான். மெஷின் ஓடறப்பவும் என் சத்தம்தான் கேக்குதுன்னு பக்கத்து லேத்துக்காரர் சொல்லுவார். என் மக ஸ்ரீரங்கத்துல ஒரு ஸ்கூல்ல சயின்ஸ் டீச்சர். சேந்து ஒரு வருஷம்கூட ஆகல. ஒரு நாள் நேரா பட்டறைக்கு வந்து, "அப்பா, பத்து மீட்டருக்கு ஒரு ஜோடி இறக்கை வேணும்"னு நின்னா.

"யாருக்கு? உனக்கா?"

"கண்காட்சிக்குப்பா. டெரோசார். டைனோசர் காலத்துல பறந்த ஊர்வன. அதுலயே ரொம்பப் பெருசு. நிஜ சைஸ்ல ஹால் கூரையில தொங்க விடறேன்னு பிள்ளைங்ககிட்ட சொல்லிட்டேன்."

வாக்கு குடுக்கறது இவ, வேலை செய்யறது நானா? நான் கத்தினேன். பாதி சைஸ்ல பண்ணிக்கோ, எவன் வந்து அளக்கப் போறான்னேன். அவளும் என் ரத்தம்தானே, விட்டுக் குடுக்கல. இன்னிக்கு உசுரோட இருக்கற பறவையிலயே பெரிய இறக்கை மூணரை மீட்டர்தானாம். இது அதைப்போல மூணு மடங்கு. ஒரு நுனியிலேருந்து இன்னொரு நுனி வரைக்கும் நம்ம டவுன் பஸ் நீளம். தரையில நின்னா ஒட்டகச்சிவிங்கி உயரம். "பாதியாப் பண்ணினா அது பொம்மைப்பா. முழுசாப் பண்ணினாதான் பிள்ளைங்களுக்கு வயித்தைக் கலக்கும்"னா.

"முழு எலும்புக்கூடு கிடைச்சிருக்கா?"

"இதுக்குக் கிடைக்கல. இறக்கை எலும்பு கொஞ்சம்தான் கிடைச்சுது. இதோட சின்ன ஜாதி ஒண்ணு நல்லாக் கிடைச்சிருக்கு, அதை வச்சுக் கணக்குப் போட்டாங்க. முதல்ல பதினஞ்சு மீட்டருக்கு மேலேன்னாங்க. அப்புறம் பத்து, பதினொண்ணுன்னு இறக்கிட்டாங்க."

"நம்ம காண்ட்ராக்டர் எஸ்டிமேட் மாதிரில்ல இருக்கு"ன்னேன்.

"ஒரு பானை சோத்துக்கு ஒரு சோறு பதம்ப்பா"ன்னு என் வாயை அடைச்சுட்டா.

வேலையில இறங்கினப்புறம் எனக்கே அது பிடிச்சுப்போச்சு, அதை ஏன் மறைக்கணும். அவ படம் போட்டுக் காட்டினா. வௌவாலுக்கு இறக்கைக்குள்ள நாலு விரல் விரிஞ்சிருக்கும், குடைக்கம்பி மாதிரி. இதுக்கு இறக்கைக்குள்ள ஒரே ஒரு விரல். நாலாவது விரல் மட்டும் ஆள் உயரத்தைத் தாண்டி நீண்டு போய், மொத்தத் தோலையும் அதுவே தாங்கும். எலும்பு உள்ள வெறும் குழாய், சுவர் ரொம்ப மெல்லிசு. பைப்புன்னா எனக்குச் சொல்லியா தரணும்? தோள்லேருந்து மணிக்கட்டு வரைக்கும் மெல்லிசு பைப்பு போட்டேன். விரலுக்கு மூங்கில், நாலு துண்டு, ஒண்ணுக்குள்ள ஒண்ணு சொருகி. மேல பாராசூட் துணி, ஒரு ஓட்டையில்லாம இழுத்துக் கட்டினது. ஒரு பக்கத்து இறக்கை மட்டும் அஞ்சு மீட்டர். முடிச்சப்புறம் அதை நான் ஒத்தை ஆளா தூக்கித் தோள்ல வச்சுக்கிட்டேன். ஒரு கட்டில் கனம்கூட இல்ல.

வினை அங்கதான் இருந்துச்சு. எங்க சந்துல எல்லாம் இரும்புச் சரக்கு. தூணு, சட்டம், தகடு. வண்டியில ஏத்தினா பிரேக் போடறப்ப முன்னால சரியாம இருக்க ஒரு கயிறு கட்டுவோம். மத்ததை அந்தக் கனமே பாத்துக்கும். கனமில்லாத சரக்கை எப்படிக் கட்டறதுன்னு எங்க யாருக்கும் தெரியாது. அப்படி ஒரு சரக்கு எங்ககிட்ட வந்ததே இல்ல.

ஆடிப்பெருக்குக்கு முந்தின நாள் காலையில ஒரு குட்டியானை லோடு வண்டி பிடிச்சோம். ரெண்டு இறக்கையையும் ஒண்ணு மேல ஒண்ணா படுக்க வச்சு, தோள்லேருந்து மணிக்கட்டு வரைக்கும் இருக்கற பைப்பைக் கேபின் மேல கம்பியில கட்டினேன். நுனி வண்டிக்குப் பின்னால நீட்டிக்கிட்டு இருந்துச்சு. டிரைவர் சின்னப் பையன் இல்ல, விவரமான ஆளு. "அண்ணே, ஆடிக்காத்துல அம்மியே பறக்கும்பாங்க. இன்னும் ரெண்டு கயிறு போட்டுக்கலாமா?"ன்னார்.

"அம்மி பறக்கட்டும். என் வேலை பறக்காது. வண்டியை எடுங்க"ன்னேன்.

என் மக பின்னால ஏறிட்டா. நுனி ஆடாம பிடிச்சுக்கறேன்னு, கூரையில மாட்டறதுக்காக மேல் இறக்கையோட நடுவுல கட்டியிருந்த கயித்தைக் கையில எடுத்துக்கிட்டா. முன்னால வந்து உக்காருடின்னு சொன்னேன். கேக்கல. துணி கிழிஞ்சிடுமோன்னு அவளுக்குப் பயம்.

சத்திரம் பஸ் ஸ்டாண்டைத் தாண்டற வரைக்கும் ஒண்ணும் தெரியல. ரெண்டு பக்கமும் கட்டடம், காத்து உள்ள வரல. பாலத்துல ஏறினதும் வண்டி ஒரு ஆட்டம் ஆடுச்சு. மேட்டூர் அணை திறந்து ஆறு ரெண்டு கரையும் தொட்டுப் போகுது. மேற்கே முக்கொம்பு பக்கத்துலேருந்து காத்து தண்ணி மேலயே வழுக்கிக்கிட்டு வந்து இடது பக்கமா அறையுது. அந்த நேரம் பாத்து எங்க வரிசை நின்னுபோச்சு. அம்மா மண்டபம் படித்துறைக்குப் போற கூட்டம், முன்னால ஒரே வண்டி. எதிர் வரிசை மட்டும் வேகமாப் போய்க்கிட்டிருந்துச்சு.

தலைக்கு மேல படபடன்னு ஒரு சத்தம். அப்புறம் அந்தச் சத்தம் நின்னுபோச்சு. சத்தம் நின்னதுதான் எனக்கு உதைச்சுது. துணி அடிச்சுக்கலன்னா அது காத்தைப் பிடிச்சுக்கிச்சுன்னு அர்த்தம்.

கதவைத் திறந்து குதிச்சேன். மேல் இறக்கையோட இடது ஓரம் மேல கிளம்பி நிக்குது. இறக்கையோட மணிக்கட்டு வரைக்கும் கேபினோட கட்டியிருக்கு, அதுக்கு அப்பால விரல் பக்கம் மொத்தமும் வலது பக்கம் எதிர் ரோட்டு மேல சாயுது. என் மக கயித்தோட அது போற பக்கம் போறா. பாதம் ரெண்டும் வண்டியில இல்ல. இடுப்பு பக்கப் பலகை மேல கிடக்கு, தலையும் தோளும் ரோட்டுக்கு மேல. எதிர்ல ஒரு பஸ் ஹாரன் அடிச்சுக்கிட்டே வருது.

"விடு! கயித்தை விடு!"

விடல. கயிறு அவ மணிக்கட்டுல சுத்திக்கிச்சுன்னு நினைச்சேன். கத்தி இல்ல, ஒண்ணும் இல்ல. அவ காலைப் பிடிச்சு இழுத்தா கை பிஞ்சிடும், அந்த இழுப்பு இழுக்குது. அப்ப என் கண்ணுல இறக்கையோட அந்த விரல் பட்டுச்சு. அந்த ஒத்தை விரல்தானே மொத்தத்தையும் தாங்குது. பைப்புக்குள்ள மூங்கிலைச் சொருகின இடம் எதுன்னு எனக்குத் தெரியும். பலகையில கால் வச்சு ஏறி, அந்த இடத்தை ரெண்டு கையாலயும் கட்டிப் பிடிச்சு, உடம்போட மொத்தக் கனத்தையும் கீழே விட்டேன்.

முதல் தடவை வளைஞ்சுது. ரெண்டாவது தடவை முறிஞ்சுது.

இறக்கை அப்படியே மடங்கி வண்டிக்குள்ள பொத்துன்னு விழுந்துச்சு. அவளும் அதோட பலகைக்கு உள்பக்கம் விழுந்தா. பஸ் உரசற மாதிரி எங்களைத் தாண்டிப் போச்சு. ஜன்னல்லேருந்து யாரோ திட்டினாங்க, நியாயமான திட்டுதான்.

டிரைவரும் நானும் பின்னால ஏறி, ரெண்டு இறக்கை மேலயும் உக்காந்து, படகுல போறவங்க மாதிரி குனிஞ்சுக்கிட்டோம். வண்டியை யார் ஓட்டறதுன்னு அப்புறம்தான் ஞாபகம் வந்துச்சு, டிரைவர் எறங்கி ஓடினார். என் மக எனக்குப் பக்கத்துல உக்காந்திருந்தா. முழங்கை சிராய்ச்சு ரத்தம். நான் அவ தோளை விடல.

மாம்பழச்சாலையில ஒரு டீக்கடை ஓரமா நிறுத்தச் சொன்னேன். தண்ணி வாங்கி முழங்கையைக் கழுவிவிட்டேன். அவ மணிக்கட்டைத் திருப்பிப் பாத்தேன். கயிறு இறுக்கின தடம் அங்க ஒண்ணும் இல்ல. உள்ளங்கை மட்டும் ரெண்டும் செவசெவன்னு கன்னிப்போயிருந்துச்சு.

"கயிறு எங்கடி சுத்துச்சு?"

"சுத்தலப்பா."

"அப்புறம் ஏன் விடல? நான் கத்தினது கேக்கலயா?"

"கேட்டுச்சு." ரெண்டு உள்ளங்கையையும் விரிச்சுப் பாத்தா. "கால் ரெண்டும் தரையை விட்டுச்சுல்ல, அப்ப எனக்குப் பயமே வரலப்பா. இவ்ளோ பெருசு எப்படிப் பறந்திருக்கும்னு எல்லாரும் கேக்கறாங்கல்ல, நானும்தான் கேட்டுக்கிட்டே இருந்தேன். அது அப்பதான் தெரிஞ்சுது. விட மனசு வரல."

எதிர்ல வந்த பஸ்ஸை அவ பாத்திருக்கா. பாத்துட்டும் விடல. திட்டறதுக்கு வாயைத் திறந்தேன். நாப்பது வருஷமா கத்தின வாய். எனக்கு அழுகைதான் வந்துச்சு, டீக்கடையில அத்தனை பேர் முன்னால அழுதேன். கயிறு சிக்கியிருந்தா எதையாவது வச்சு வெட்டியிருப்பேன். இதை எதை வச்சு வெட்டறது?

"அழாதீங்கப்பா, பிள்ளைங்க காத்துக்கிட்டிருப்பாங்க"ன்னா.

ஸ்கூல்ல முறிஞ்ச விரலுக்கு வெளியால ஒரு பைப்பு வச்சுக் கம்பி சுத்தினேன். டெரோசாரோட உடம்பை முந்தின நாளே அனுப்பியிருந்தோம், அதோட ரெண்டு இறக்கையையும் சேத்து மேல ஏத்தினோம். நுனி சுவரைத் தொடற மாதிரி ஹால் முழுக்க விரிஞ்சு நின்னுச்சு. பிள்ளைங்க வாசல்லயே நின்னுட்டாங்க, உள்ள வரல. கடைசிக் கொக்கியை நான் மாட்டறேன்னு சொன்னேன், அவ கேக்கல, அவளே ஏணியில ஏறினா. நான் கீழே ஏணியைப் பிடிச்சுக்கிட்டேன். அவ மாட்டிட்டு இறங்கி, பிள்ளைங்ககிட்டப் போய்ப் பேச ஆரம்பிச்சுட்டா. நான் அந்தக் காலி ஏணியைப் பிடிச்சபடியே நின்னுக்கிட்டிருந்தேன். டிரைவர் வந்து என் கையை எடுத்துவிட்டார்.