சுவருக்குக் கோணலாக ஒரு கம்பளம்

ஒஸ்லோவில் துருக்கியர் பள்ளிவாசல் என்றதும், இஸ்தான்புல் படங்களில் பார்த்த குவிமாடமும் பென்சில் மாதிரி சீவிய மினாராவும்தான் எனக்கு ஞாபகம் வருகின்றன. கூட்டிவந்த சிவம் அண்ணன் ஒரு பழைய தொழிற்சாலையின் முன்னால் நிற்கிறார். யாழ்ப்பாணத்துக்காரர், இங்கே பஸ் ஓட்டுகிறார்.

"இதுதான்" என்கிறார்.

பூட்ஸைக் கழற்றிவிட்டு உள்ளே போகிறோம். தட்டைக் கூரையில் குவிமாடத்தை நீல பெயிண்டில் வரைந்தே வைத்துவிட்டார்கள். கம்பளத்தின் கோடுகளோ சுவருக்குக் கோணலாக ஓடுகின்றன. மூலையில் மிஞ்சிய முக்கோணத்தில் நாற்காலிகளை அடுக்கியிருக்கிறார்கள்.

"விரிச்சவனுக்குக் கண்ணு தெரியாதா அண்ணே?"

"மெல்லக் கதையுங்கோ. கட்டடம் நகரசபை சொன்னபடி வீதியைப் பாக்குது. சனம் மக்காவைப் பாக்குது."

எனக்குச் சிரிப்பு வந்துவிடுகிறது. அவருக்கு வரவில்லை.

"சிரிக்காதேங்கோ. இவை எப்பிடிச் சமாளிச்சிருக்கினம் எண்டு பாக்கத்தான் நானும் வந்தனான். எங்கட கோயிலும் வாடகைக் கட்டடம்தான். பிள்ளையார் கிழக்கைப் பாக்கவேணும், ஆனா வாசல் மேற்கில."

"அப்போ?"

"அப்ப என்ன? உள்ள வாற சனம் முதல் தோப்புக்கரணம் போடுறது அவரின்ர முதுகுக்குத்தான்."