நீலத்தழல்

பாயான் பாரு நகரத் தொழிற்சாலை ஒன்றில் வேலை பார்க்கும் துளசிக்கும் அவள் கணவன் புவனேஸ்வரனுக்கும் ஓர் ஆன்லைன் விளையாட்டின் மேல் பைத்தியம். அந்த மாய உலகத்தில் நீலத்தழல் என்றொரு படிகம் உண்டு. லட்சத்தில் ஒருவருக்குக் கிடைத்தால் அதிசயம். கல்யாணமானதிலிருந்து இருவரும் சேர்ந்தே அதைத் தேடினார்கள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை, விளையாட்டில் துளசிக்கு முன்பின் தெரியாத ஒருத்தியின் கழுத்தில் அந்தக் கல் மின்னியது. கீழே, பரிசளித்தவர் என்று புவனேஸ்வரனின் பெயர்.

"கெடைச்சத ஏங்க எங்கிட்ட சொல்லல?"

"வெறும் கேம் தானே லா."

"யாருங்க அவ?"

அவன் போனைக் கவிழ்த்து வைத்தான்.

அடுத்த மாதமே பிறை என்ற ஊரில் வேறு வீடு பார்த்துக்கொண்டு போய்விட்டான். துளசி இப்போது கல்லைத் தேடுவதில்லை. வேலை முடிந்து வந்ததும், விளையாட்டுக்குள் இருவரும் சேர்ந்து கட்டிய வீட்டு வாசலில் தன் உருவத்தைக் கொஞ்ச நேரம் உட்கார வைத்துப் பார்த்துக்கொண்டிருக்கிறாள்.