தார்ப்பாய்க்கு மேலே இருந்த ஜன்னல்

சபையார் எல்லாருக்கும் தோத்திரம். எனக்கு எழுதத் தெரியாது. நான் சொல்லச் சொல்ல என் மகள் எழுதுகிறாள். நடுவே எங்கெங்கோ போய்விடுவேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

என் மகன் ஏசுதாசனுக்குக் கொலைக் கேஸில் ஆயுள் தண்டனை ஆனது. அவனோடு தோல் பட்டறையில் வேலை செய்த முருகனை, ஒரு ஆடி மாத மழையில், தாராவியில் எங்கள் சந்திலேயே யாரோ குத்திவிட்டார்கள். அன்று காலையில்தான் இரண்டு பேருக்கும் வாய்ச்சண்டை. அலறல் கேட்டு முதலில் ஓடிப்போய் முருகனை மடியில் தூக்கிப் போட்டவன் என் மகன். சட்டை முழுக்க ரத்தம். எதிர்வீட்டுச் செல்வராஜ், நம் சபைக்காரர்தான், கோர்ட்டில் சொன்னார்: "மேல ஜன்னல்ல நின்னு என் கண்ணால பாத்தேன். ஏசுதாசந்தான் குத்துனான்." கண்ணால் பார்த்ததாகச் சொன்னவர் அவர் ஒருவர்தான். அதுவே போதும் என்றார்கள்.

தீர்ப்பன்று நான் அழவில்லை. வெளியே வந்து டீ குடித்தேன். சர்க்கரை போடாத டீ. கேட்கத் தோன்றவில்லை. அதற்குப் பிறகு எல்லாமே அப்படித்தான். என் மனைவி அன்னம்மா வெள்ளிதோறும் உபவாச ஜெபத்துக்குப் போவாள். நான் வெளியே செருப்புகளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருப்பேன். ஜெபம் வராது.

ஜெயில் தாணேயில். பார்க்கப் போனால் அவன்தான் என்னைக் கேட்பான், "சாப்பிட்டியளாப்பா?" என்று. ஒருநாள் திரும்பும்போது சயானில் இறங்க மறந்து தாதர் வரை போய்விட்டேன். அந்த ரயிலில்தான் வாய் திறந்தது. "ஆண்டவரே, நீரு பாத்தீரு. நாங்க பாக்கல. பாத்தத யாருக்காவது காட்டும்." அவ்வளவுதான். ஆமென் சொன்னேனா என்றுகூட நினைவில்லை.

ஹைகோர்ட்டில் அப்பீல் போட்டோம். வக்கீல் மாட்டுங்கா பெண், பாலக்காட்டுக் குடும்பம். அதற்கடுத்த மழைக்காலத்தில் நான் காய்ச்சலில் கிடந்ததால், அவளே வீடு தேடி வந்தாள். சந்துக்குள் நுழைந்ததும் குடையை மடக்கிவிட்டு மேலே பார்த்தாள்.

"இதென்ன மாமா, ஆகாசமே தெரியலையே?"

"தார்ப்பாயிம்மா. மழைக்கு எங்க கூரைக்கும் எதுத்த கூரைக்கும் இழுத்துக் கட்டிருவோம்" என்றாள் அன்னம்மா.

"வருஷா வருஷமா? அந்த ஜன்னல் அதுக்கு மேலன்னா இருக்கு!"

"மேல நின்னா கீழ என்னத்தத் தெரியும்? நீலத் தார்ப்பாயிதான் தெரியும்."

சொன்ன பிறகுதான் அன்னம்மாவுக்கே உறைத்தது. வாயைப் பொத்திக்கொண்டாள். ஒருமுனையை நான் கட்டுவேன், மறுமுனையைச் செல்வராஜ் கட்டுவார். கொலை நடந்த மழைக்கும் கட்டியிருந்தோம். எங்கள் சந்தில் எல்லாருக்கும் தெரிந்த சங்கதி. அதனாலேயே யாரும் யாரிடமும் சொல்லவில்லை.

வக்கீல் பழைய வாக்குமூலத்தைத் தேடிப் படித்தாள். செல்வராஜே சொல்லியிருக்கிறார், மழை தார்ப்பாயில் அடித்த சத்தத்தில் அலறல் சரியாகக் கேட்கவில்லை என்று. அன்று தார்ப்பாய் கட்டியிருந்ததற்கு அவர் வாயே சாட்சி. கண்ணால் பார்த்தவர் ஒருவர் போதும், ஆனால் அவர் சொல்வது முழுக்க நம்பும்படி இருக்கவேண்டும். இங்கே அப்படி இல்லை என்று நீதிபதிகள் எழுதினார்களாம். எல்லாம் இங்கிலீஷ். வக்கீல் என் கையைத் தொட்டு, "மாமா, ஏசுதாசனை விடுதலை பண்ணிட்டா" என்றாள். எனக்கு அப்போதும் அழுகை வரவில்லை.

செல்வராஜ் பொய்யர் இல்லை. இறங்கி வந்தபோது ரத்தச் சட்டையோடு என் மகனைப் பார்த்திருக்கிறார். அதற்கு முன்னால் நடந்ததையும் பார்த்ததாக மனசு சேர்த்துவிட்டது. குத்தியது யார் என்று இன்றுவரை தெரியாது. முருகனின் அம்மாவுக்காகவும் ஜெபியுங்கள்.

போன வைகாசிக் கடைசியில் தார்ப்பாய் கட்டும் நாள் வந்தது. எனக்கு ஏற முடியவில்லை. ஏசுதாசன் ஏறினான். எதிர்க்கூரையில் செல்வராஜ், தலை குனிந்து. என் மகன் கயிற்றை வீசினான்.

"பிடிங்க மாமா. இழுத்துக் கட்டுங்க, போன தடவ ஒழுகிச்சாம்."

செல்வராஜ் பிடித்தார். இழுத்துக் கட்டினார். கீழே நின்ற எனக்கு அப்போதுதான் அழுகை வந்தது. அத்தனை காலத்துக்கும் சேர்த்து வந்தது.

இப்போது நான் செருப்புப் பக்கம் உட்காருவதில்லை, உள்ளே உட்காருகிறேன். ஜெபம் வராதவர்கள் யாராவது வெளியே இருந்தால், ஒரு வார்த்தை போதும், சொல்லிப் பாருங்கள். தார்ப்பாய் ஆண்டவருக்கு மறைக்காது.