செவ்வாய்க்கிழமைக் கணவாய்க் கறி

யுத்த காலத்தில் திருகோணமலையில் இணையத்தளம் செய்து பிழைத்தேன் என்றால் இப்போது சிரிப்பார்கள். சிரிக்கட்டும். ஷெல் விழுகிற ஊரிலும் கடைகள் இருந்தன, கடைக்காரருக்கு வெளிநாட்டில் சொந்தக்காரரும் இருந்தார்கள். என் பெருமையெல்லாம் ஒன்றுதான்: நான் செய்து கொடுத்தால் பிறகு என்னைக் கூப்பிடவே தேவையில்லை. ஒரு கடவுச்சொல், எழுத ஒரு பெட்டி, கீழே 'சேமி' என்று பெரிய பொத்தான். முட்டை பொரிக்கத் தெரிந்தவர் எவரும் தன் தளத்தைத் தானே மாற்றலாம் என்று அளந்துகொண்டு திரிந்தேன்.

குச்சவெளி வீதியில் நான்கு அறைகளோடு விடுதி வைத்திருந்த அண்ணை இதை உடனே பிடித்துக்கொண்டார். அன்றைய சமையலை ஒவ்வொரு நாளும் தளத்தில் எழுதுவார். ஆனால் இணையம் வருகிற ரெலிபோன் லைன் அடிக்கடி செத்துப்போகும்.

“தம்பி, ஒரு கிழமைக்கு எழுதித் தாறன். அது தன்ர பாட்டில சுத்தட்டும்.”

சுற்றவிட்டேன். நாளுக்கு ஒன்றாக ஏழு வரிகள், கிழமை முடிந்தால் மறுபடி முதலிலிருந்து. 'இண்டைக்குச் செவ்வாய். கணவாய்க் கறி. கடல் அமைதி. வாங்கோ.' வெள்ளிக்குச் சைவம். ஏழு வரியிலும் கடல் அமைதிதான். மனுசனுக்கு அப்படி ஒரு குறும்பு. குசினிச் சமையலும் பிள்ளைகளுமே கதி என்றிருந்த அவர் மனைவிக்கு இந்த ஏற்பாட்டை நாங்கள் இருவருமே சொல்லவில்லை.

வைகாசியில் ஒரு காலை அண்ணை அரிசி வாங்கக் கிண்ணியாவுக்குப் புறப்பட்டார். இந்தக் கரையில் படகேறியதைக் கண்டோம் என்றார்கள். அந்தக் கரையில் அவர் இறங்கவேயில்லை என்றார்கள். அவ்வளவுதான்.

பத்தாம் நாள் அண்ணையின் மனைவி, நான் அக்கா என்கிறவர், என்னைக் கூப்பிட்டார். அழுது வீங்கிய முகத்தை எதிர்பார்த்துப் பயந்துகொண்டு போனேன். ஐயோ, முகம் மலர்ந்திருந்தது. கணினித் திரையைக் காட்டினார்.

“பாருங்கோ தம்பி, இண்டைக்கும் எழுதியிருக்கிறார். எங்கயோ பிடிச்சு வைச்சிருக்கிறாங்கள், ஆனா எழுத விடுறாங்கள். எங்க இருந்து எழுதுறார் எண்டு உங்களால பார்க்க ஏலுமே?”

துறைமுகப் பக்கம் ஏதோ வெடித்து, ஜன்னல் கண்ணாடி அதிர்ந்தது. திரையில் கடல் அமைதி, வாங்கோ.

“அதைப் பார்க்க ஏலாது அக்கா” என்றேன். உண்மையைச் சொல்ல எனக்கு என்ன, வாயில் கொழுக்கட்டையா இருந்தது? சொல்லவில்லை, பயந்துபோனேன்.

அண்ணையின் தம்பி வந்து, காணவில்லை என்று முறைப்பாடு கொடுப்போம், நாள் போகப் போகத் தேடுவது கஷ்டம் என்று மன்றாடினார். அக்கா மசியவில்லை.

“நாளும் எழுதுற மனுசனைக் காணேல்லை எண்டு எப்பிடிக் குடுக்கிறது?”

“போன செவ்வாயும் கணவாய்தானே அக்கா...” என்று ஒருநாள் மெல்லத் தொடங்கினேன்.

“அவர் செவ்வாயெண்டால் கணவாய் தவறமாட்டார்” என்று சிரித்தார்.

எனக்கும் பித்துப் பிடித்தது. காலையில் என் அறையில் அந்தப் பக்கத்தைத் திறப்பேன். நானே சுற்றவிட்ட வரிகள், எனக்குத் தெரியாதா? ஆனாலும் வரி மாறியிருப்பதைக் காணும்போது, யாரோ அப்போதுதான் எழும்பிப்போன கதிரையில் கை வைத்ததுபோல் சூடாக இருக்கும். பக்கத்தை மூடிவிட்டு முகம் கழுவப் போய்விடுவேன்.

அந்த வருடம் ஆடி அமாவாசை செவ்வாய்க்கிழமையில் வந்தது. தகப்பன் இல்லாத பிள்ளைகள் விரதமிருக்கிற நாள். காலையிலேயே அக்காவின் அழைப்பு வந்தது. போனபோது கணினிக்கு முன்னால் அசையாமல் இருந்தார். திரையில் வழக்கமான வரி: இண்டைக்குச் செவ்வாய். கணவாய்க் கறி.

“அவற்ர தகப்பன், எங்கட மாமா, செத்ததில இருந்து ஒரு ஆடி அமாவாசைக்கும் அவர் மீன் மச்சம் தொட்டதில்லை. வாயால கூடச் சொல்லமாட்டார்” என்றார். பிறகு என்னைப் பார்த்தார். “இதை ஆர் எழுதினது தம்பி?”

சொன்னேன். ஏழு வரி, லைன், சுற்றவிட்டது, இரண்டு மாதம் வாய் மூடி இருந்தது, எல்லாவற்றையும். ஏசுவார், அடித்தாலும் அடிக்கட்டும் என்று நின்றேன். அவர் ஏசவில்லை.

“எப்பிடி மாத்துறது?”

காட்டிக்கொடுத்தேன். உண்மையில் லேசான வேலைதான். ஒற்றை விரலால் கணவாய்க் கறியை ஒவ்வொரு எழுத்தாக அழித்தார். 'சைவம்' என்று எழுதினார். கடல் அமைதியையும் அழித்தார். 'வாங்கோ' என்ற சொல்லுக்கு வந்ததும் விரல் நின்றது. அதை விட்டுவிட்டார்.

“நாளைக்குப் போய் முறைப்பாடு குடுக்கிறன்” என்றார். பொத்தானில் விரலை வைத்தபடி, திரும்பாமலே கேட்டார்:

“தம்பி, வாற வருசம் இந்த நாளில என்ர பிள்ளையளும் விரதம் இருக்கிறதோ, வேண்டாமோ?”

அவர் 'சேமி'யை அழுத்தினார்.