பெட்டி பிந்திய நாள்

கனடாவில் என் முதல் நாவல் ஆங்கிலத்தில் வந்தது. அதில் வருகிறவள் என் அக்கா. லண்டன் ஹவுன்ஸ்லோவில் இருந்து அதை வாசித்து முடித்த அக்கா தொலைபேசியில் சொன்னது ஒன்றுதான்: "பரவாயில்லை. இவர் இங்கிலீசுப் புத்தகம் தொடமாட்டார்."

இவர் என்றால் அத்தான், அக்காவின் கணவர்.

பிறகு அந்த நாவலை நாடகமாக எழுதினேன். ரொறன்ரோவில் அக்காவின் பாத்திரத்துக்கு ஒருவரும் சரிவரவில்லை, நானே நடித்தேன். நடிகையானது அப்படித்தான். பல வருடங்கள் ஆங்கிலத்திலேயே மேடையேறிய நாடகத்தைச் சென்ற மாசியில் லண்டன் லூயிஷாமில் முதல் தடவையாகத் தமிழில் போட்டோம். சனி ஒரு காட்சி, ஞாயிறு ஒரு காட்சி.

சனிக்கிழமை முகத்துக்குப் பவுடர் போட்டுக்கொண்டிருந்தபோது அக்கா உள்ளே வந்தாள். கதவைச் சாத்தினாள்.

"அத்தானும் வந்திருக்கிறார். முன் வரிசை."

"அவருக்கு ஷிப்ட் எண்டெல்லோ சொன்னனீ?"

"மாத்திப்போட்டு வந்திட்டார். மச்சாளின்ரை நாடகமாம், பாக்காமல் விடுறதோ எண்டு. நீ அந்தக் கக்கூஸ் சீனை எடு."

அந்தக் காட்சி இதுதான். அக்கா மணப்பெண்ணாக ஹீத்ரோவில் வந்து இறங்குகிறாள். மாப்பிள்ளைக்கு விமான நிலையத்தில் ஒஃபிஸ் வேலை என்று தரகர் சொல்லியிருந்தார். வெளியே நின்றவரோ வேலை ஜாக்கெட்டும் கிறீஸ் பிடித்த கையுமாக நின்றார். அவர் காணமுதல் அக்கா பக்கத்துக் கழிப்பறைக்குள் புகுந்துவிட்டாள். எப்படித் திரும்பிப் போவது என்று யோசித்தபடி வெகுநேரம் உள்ளேயே நின்றாள். கடைசியில் வெளியே வந்து, "பெட்டி வரப் பிந்திப் போச்சு," என்றாள். இதை அவள் என்னிடம் மட்டுந்தான் சொல்லியிருந்தாள்.

"ஏலாது அக்கா. அது இல்லாட்டி நாடகமே இல்லை."

"உனக்குக் கைதட்டு. எனக்கு வீடு," என்றாள். "நான் நடுவிலை எழும்பிப் போனால் ஏனெண்டு கேக்காதை."

மேடை விளக்கு முன் வரிசை வரை விழுந்தது. அங்கே அத்தான்; அவருக்கு வலப்பக்கம், நடைவழி ஓரக் கதிரையில் அக்கா. கைப்பையை மடியில் வைத்து வாரை இறுக்கிப் பிடித்திருந்தாள்.

மேடையில் தனியாக நின்ற கதவுக்குப் பின்னால் போனேன். "இந்த மனுசனோடை நான் போகமாட்டன்" என்ற வசனத்தைச் சொன்னேன். என் குரல் எனக்கே பெரிதாகக் கேட்டது. அத்தான் அசையவில்லை. கதவைத் திறந்து வெளியே வந்தேன். மஞ்சள் ஜாக்கெட் போட்ட நடிகர் கேட்டார்: "ஏன் இவ்வளவு நேரம்?"

அக்கா பாதி எழும்பிவிட்டாள்.

அடுத்த வசனத்தை விழுங்கிவிடலாம் என்று ஒரு கணம் நினைத்தேன்.

"பெட்டி வரப் பிந்திப் போச்சு," என்றேன்.

முன் வரிசையில் ஒரேயொருவர் சிரித்தார். எந்த ஊரிலும் யாரும் சிரிக்காத இடம் அது. தோள் குலுங்கச் சிரித்தவர் அத்தான். அக்கா அவரைப் பார்த்தாள். பிறகு மெதுவாக உட்கார்ந்தாள்.

காட்சி முடிந்து மூவரும் காரில் ஹவுன்ஸ்லோவுக்குத் திரும்பினோம். சவுத் சேர்குலர் வீதியில் ஒரு சிவப்பு விளக்கில் அத்தான் தொண்டையைச் செருமினார்.

"பெட்டி பிந்தேல்லை."

அக்கா ஜன்னல் பக்கமிருந்து திரும்பவில்லை. "என்ன?"

"அந்தப் பிளேனிலை பெட்டியள் இறக்கினது எங்கடை ஷிப்ட் ஆக்கள்தான். உம்மடை பெட்டியிலை கொட்டை எழுத்திலை பேர். நானே தூக்கி பெல்ட்டிலை போட்டிட்டு, உடுப்பும் மாத்தாமல் ஓடிவந்து வெளியிலை நிண்டனான்."

"அப்ப எல்லாம் தெரியுமோ?"

"கக்கூசுக்கை நிண்டது இண்டைக்குத்தான் தெரியும். பொய்யெண்டது அண்டைக்கே தெரியும்."

"ஏன் கேக்கேல்லை?"

விளக்குப் பச்சைக்கு மாறியது. அத்தான் கியரைப் போட்டார்.

"கேட்டால் நீர் உண்மையைச் சொல்லிப்போடுவீர் எண்டு பயம்."

அக்கா இறுக்கிப் பிடித்திருந்த கைப்பை வாரை விட்டாள். வீட்டு வாசலில் அத்தான் இறங்கிக் கதவைத் திறக்கப் போனபோது அவள் என் பக்கம் திரும்பினாள்.

"நாளைக்கும் அந்தச் சீன் இருக்கோ?"

"ஓம்."

"ஜாக்கெட் மஞ்சள் இல்லை, ஒரேஞ்ச். மாத்து."